ஸ்பாட்டுக்குப் போகாதவன்

படப்பிடிப்பு நடக்கும் இடத்துக்கு நான் போவதில்லை. பூஜைக்குப் போவேன். கற்பூரத்தைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டு வந்துவிடுவேன். அதன் பிறகு யூனிட் எந்த ஊரில் இருக்கிறது, யாருக்கும் யாருக்கும் முட்டிக்கொண்டது, எந்த ஷாட்டுக்காக எத்தனை மணி நேரம் வெயிலில் நின்றார்கள் என்பதெல்லாம் என் காதுக்கு வராமல் இருந்தால் நல்லது. முதல் படம் செய்கிற இயக்குநர்கள் இதைத் திமிர் என்று நினைப்பார்கள். "ஒருநாள் வந்து பாருங்க சார், லொகேஷன் அவ்ளோ நல்லா இருக்கு" என்பார்கள். லொகேஷன் நல்லா இருந்தால் அது ஹார்ட் டிஸ்க்கில் வந்து சேரட்டும் என்பேன்.

விடியற்காலையில் எழுந்து, கேமராவைத் தோளில் சுமந்து மலையேறி, பனி விலகும் அரை நிமிடத்துக்காகக் காத்திருந்து எடுத்த ஷாட் ஒன்று எல்லாப் படத்திலும் இருக்கும். பெரும்பாலும் அதுதான் படத்திலிருந்து முதலில் போக வேண்டியதாகவும் இருக்கும். கூட ஏறியிருந்தால் என் கையாலும் அதை எடுத்துப் போட முடியாது. தியேட்டரில் உட்காருகிறவருக்கு அந்தக் குளிரும் தெரியாது, முழங்கால் வலியும் தெரியாது. அவருக்குத் தெரியாத எதுவும் எனக்கும் தெரியக் கூடாது. ஹாலிவுட் எடிட்டர் வால்டர் மர்ச் தன் புத்தகத்தில் இதையே சொல்லியிருக்கிறார் என்பதைப் பிறகுதான் படித்தேன். எனக்கு முதலில் சொல்லிக்கொடுத்தது கோடம்பாக்கத்தில் என் குருநாதர். அவர் மர்ச்சைப் படித்தவர் இல்லை. "ஸ்பாட்டுக்குப் போனா சோறு நல்லாப் போடுவாங்க. சோறு தின்ன வாயால வேண்டாம்னு சொல்ல முடியாதுடா" என்பார்.

அவரிடம் நான் சேர்ந்தபோது, பிலிம் பிரதியையே வெட்டி ஒட்டுகிற பாசிட்டிவ் காலம் முடியப்போகிற நேரம். புதுப் பையனுக்கு ஆரம்பத்தில் கத்திரியைத் தரமாட்டார்கள். ரீவைண்டரில் ரீல் சுற்றுவது, லேபிலிருந்து வந்த ரஷ்ஷைப் பிரித்து ஒவ்வொரு துண்டின் தலையிலும் சீன், ஷாட், டேக் எண் எழுதுவது, கிளாப் அடிக்கிற ஃப்ரேமையும் ஒலி நாடாவில் அந்த டப் சத்தத்தையும் ஒன்று சேர்ப்பது, இதுதான் வேலை. துணி கட்டிய தொட்டிக்கு மேலே ஆணி வரிசையாக அடித்திருக்கும். வெட்டி எடுத்த துண்டுகள் அதில் தொங்கும். எடிட்டர் மூவியோலா மெஷினிலிருந்து தலையைத் திருப்பாமல் கையை நீட்டி "நாற்பத்தேழு பார் மூணு, டெயில் ட்ரிம்" என்றால், அவர் கையை மடக்குமுன் அந்தத் துண்டு கையில் இருக்க வேண்டும். இல்லையென்றால் திட்டு விழும். அதைவிட மோசம், அவர் அந்தக் கட்டை யோசித்துக்கொண்டிருந்த ஓட்டம் அறுந்துவிடும்.

35 எம்.எம். பிலிமில் ஓர் அடிக்கு 16 ஃப்ரேம். நொடிக்கு 24 ஃப்ரேம் என்றால் ஒன்றரை அடி, நிமிடத்துக்கு 90 அடி. இரண்டரை மணி நேரப் படம் 13,500 அடி. 1000 அடி ரீல் பதினொரு நிமிடம்தான் ஓடும். இந்தக் கணக்கு எங்களுக்குக் கையிலேயே ஏறிவிடும். குருநாதர் பிலிமை மூக்கு நுனிக்கும் நீட்டிய கைக்கும் நடுவே பிடித்து, "ரெண்டு செகண்டு, போதும்" என்று கிழிப்பார். சரியாக இருக்கும். சிமென்ட் வைத்து ஒட்டுவதென்றால் பிளேடால் எமல்ஷனைச் சுரண்டி, ஒன்றின் மேல் ஒன்று ஏற்றி அழுத்த வேண்டும். ஒட்டைப் பிரித்து மறுபடி பழையபடி சேர்க்க நினைத்தால் அங்கே ஒரு ஃப்ரேம் போய்விடும், அந்த இடத்தில் கறுப்பு லீடர் வைக்க வேண்டும். செலோடேப் ஒட்டு வந்த பிறகு அந்தச் சேதம் இல்லை. ஆனாலும் ஒட்டுக்கு ஒட்டு வேலைதான். அதனால் கத்தியை வைக்குமுன் யோசித்தார்கள். அந்தக் காலத்து எடிட்டர்கள் எல்லாரும் மேதைகள் என்று நான் சொல்ல வரவில்லை. மாற்றிப் பார்க்கச் சிரமம் இருந்ததால் முதலிலேயே முடிவெடுத்தார்கள், அவ்வளவுதான். தவறான முடிவுகளும் ஏராளம் அப்படியே நெகட்டிவ் கட்டிங்குக்குப் போய்த் தியேட்டருக்கு வந்திருக்கின்றன.

1994 பொங்கலுக்கு வந்த 'மகாநதி'யில் அவிட் கம்ப்யூட்டரில் எடிட் செய்தார்கள். இந்தியப் படங்களில் அதுதான் முதல் என்பார்கள். அதன் பிறகும் சில ஆண்டுகள் எங்கள் தெருவில் இரண்டும் பக்கத்துப் பக்கத்து அறையில் நடந்தன. ஒரு பக்கம் மூவியோலாவின் கடகடப்பு, இன்னொரு பக்கம் ஏ.சி.யின் உறுமல். கம்ப்யூட்டருக்குத்தான் ஏ.சி., எங்களுக்கு அதன் மிச்சம். மூத்த எடிட்டர்கள் சிலர் கீபோர்டைத் தொடவே மாட்டேன் என்று ஆபரேட்டரைப் பக்கத்தில் உட்காரவைத்து வாயால் சொல்லி வெட்டினார்கள். எங்களைப் போன்ற உதவியாளர்களுக்கு அதுதான் வாசல். இரவில் மெஷின் சும்மா இருக்கும் நேரத்தில் பழகிக்கொண்டோம்.

எடிட்டிங் அறை இந்த ஊரில் எப்போதும் ஒரு பள்ளிக்கூடமாகவும் இருந்திருக்கிறது. இரட்டை இயக்குநர்கள் கிருஷ்ணன்-பஞ்சுவில் பஞ்சு எடிட்டர், 'பஞ்சாபி' என்ற பெயரில் தொகுத்தவர். அவர்களிடம் எடிட்டிங் உதவியாளராக இருந்தவர் பீம்சிங். பீம்சிங்கின் மகன் பி. லெனின், வி.டி. விஜயனோடு சேர்ந்து 'நாயகன்' உட்பட ஒரு காலகட்டத்தையே தொகுத்தவர். எஸ்.பி. முத்துராமன் ஏவிஎம்மின் எடிட்டிங் பிரிவிலிருந்து வந்தவர். இவர்கள் கையில் ஸ்டூடியோ இருந்தது, அல்லது ஸ்டூடியோவின் கையில் இவர்கள் இருந்தார்கள். என் தலைமுறையில் அது இல்லை. 1999-இல் ஃபைனல் கட் ப்ரோ வந்தது. கடன் வாங்கி ஒரு மேக் வாங்கினால் சாலிகிராமத்தில் மாடிப் போர்ஷன் ஒன்றில் எடிட்டர் ஆகிவிடலாம் என்ற நிலை வந்தது. ஆகிவிட்டோம்.

சுயேச்சை எடிட்டர் என்றால் வெளியே நல்ல பெயராகத் தோன்றும். உள்ளே பார்த்தால், படம் இல்லாத மாதத்தில் வாடகையை நாமே கட்டுகிற எடிட்டர். எனக்குச் சோறு போட்டது சினிமா இல்லை. நகைக்கடை விளம்பரம், கல்லூரி ஆண்டு விழா, தொண்டு நிறுவனங்களின் அறிக்கைப் படம், கல்யாண வீடியோ. கல்யாண வீடியோவை மட்டமாகப் பேசுகிற உதவியாளர்களை நான் சேர்த்துக்கொள்வதில்லை. யாருமே நடிக்காத, ரீடேக் இல்லாத, எல்லாரும் ஒரே நேரத்தில் பேசுகிற ஆறு மணி நேரத்திலிருந்து இருபது நிமிடத்தை எடுத்துவிட்டால், நாளை ஆவணப்படம் வந்தால் கை நடுங்காது. தாலி கட்டும்போது எல்லா கேமராவும் தாலியைத்தான் பார்க்கும். பெண்ணின் அப்பாவை எந்த கேமராவாவது பிடித்திருக்கிறதா என்று தேடுகிறவன் எடிட்டர்.

2008-இல் கேனன் 5டி மார்க் 2 வந்தது. அதன் பிறகு சின்னப் படங்களின் கதவு நிஜமாகவே திறந்தது. பிலிம் காலத்தில் 400 அடி மேகஸின் நாலரை நிமிடத்தில் தீர்ந்துவிடும், தயாரிப்பு மேனேஜர் அடிக்கணக்கைப் பார்த்துக்கொண்டே நிற்பார். கார்டில் எடுக்கும்போது "கட்" சொல்லவே மறந்துவிடுகிறார்கள். ஒன்றரை மணி நேரப் படத்துக்கு ஐம்பது, அறுபது மணி நேர ஃபுட்டேஜ் வருவது இப்போது சாதாரணம். 4கே-யில் ப்ரோரெஸ் ஹெச்.க்யூ. என்றால் மணிக்கு 300 ஜிபிக்கு மேல். அதை இரண்டு பிரதியாக வைத்திருக்க வேண்டும், இரண்டையும் ஒரே வண்டியில் அனுப்பக் கூடாது. இந்தச் சின்ன விஷயத்தைப் பட்ஜெட்டில் எழுதச் சொன்னால் "டிஸ்க்குக்கா இவ்வளவு?" என்று கேட்கிற தயாரிப்பாளர், க்ளைமாக்ஸுக்கு ட்ரோன் கேட்டால் உடனே சரி என்பார்.

அத்தனை மணி நேரத்தையும் நான் பார்ப்பேன். இது என் பிடிவாதம். ஸ்பாட் எடிட்டர் அடுக்கி அனுப்பிய ரஃப் கட்டைத் திறக்காமல் ஓரமாக வைத்துவிட்டு, வேண்டாமென்று ஒதுக்கிய என்.ஜி. டேக்குகளோடு சேர்த்து முதலிலிருந்து பார்ப்பேன். உதவி இயக்குநரின் ரிப்போர்ட்டில் 'ஓகே' என்று வட்டம் போட்டிருப்பதையும் முதல் சுற்றில் பார்ப்பதில்லை. எது ஓகே என்று முடிவு செய்தவர்கள் அங்கே நின்றவர்கள். பசி, பொழுது சாய்கிற அவசரம், நடிகருக்கு அடுத்த ஊர் பஸ், எல்லாம் சேர்ந்துதான் அந்த வட்டத்தைப் போடுகின்றன.

இதற்கு ஒரு காட்சியைச் சொல்கிறேன். தென்மாவட்டக் கிராமத்தில் எடுத்த சின்னப் படம், லைவ் சவுண்ட், பெரும்பாலும் ஊர்க்காரர்களே நடித்தது. திருப்பூரில் வேலை செய்கிற மகன் இரவில் வீட்டுக்கு வருகிறான். அம்மா சோறு போடுகிறாள். பேச்சு கொஞ்சம்தான். கடைசியில் அவள் "எப்ப கெளம்புற?" என்று கேட்க வேண்டும், அவன் "காலைல" என்க வேண்டும். இருவரும் தெரிகிற மாஸ்டர் ஒன்று, அம்மாவுக்கு க்ளோஸ், அவன் தட்டில் சோறு பிசைகிற கைக்கு ஒரு ஷாட். ஓகே ஆன க்ளோஸில் அந்த அம்மாள் குழம்பை ஊற்றியதும் தெளிவாக, சொல்லிக்கொடுத்தபடி வசனத்தைச் சொல்லிவிட்டார். குறை சொல்ல ஒன்றுமில்லை. காட்சியும் அங்கேயே செத்துப்போய்க் கிடந்தது.

என்.ஜி. டேக்கில் வேறொன்று இருந்தது. குழம்புக் கரண்டி தட்டுக்கு மேலே வந்து அப்படியே நின்றுவிட்டது. ஒரு சொட்டு மட்டும் விழுகிறது. அவர் வாய் லேசாகத் திறந்து, மூடிக்கொள்கிறது. பார்வை கரண்டியிலிருந்து மகன் முகத்துக்குப் போகாமல் பாதியில் நிற்கிறது. அதன் பிறகு சட்டென்று கண் கேமராவுக்கு இடப்பக்கம் ஓடுகிறது. அங்கே வசனத்தை எடுத்துக்கொடுக்கிற உதவி இயக்குநர் நிற்கிறார். வசனம் மறந்துபோச்சு. உடனே சிரிப்பு, "சாரி தம்பி", கட்.

கண் ஓடுகிற ஃப்ரேமிலிருந்து பின்னால் எண்ணினேன். கரண்டி நின்றதிலிருந்து அதுவரை 64 ஃப்ரேம், இரண்டே முக்கால் நொடிக்கும் சற்றுக் குறைவு. கண்மணி அசையத் தொடங்கும் ஃப்ரேமுக்கு இரண்டு ஃப்ரேம் முன்னால் வெட்டிவிட்டு மகனின் கைக்குப் போனேன். கை சோற்றைப் பிசைந்துகொண்டிருக்கும்போது, ஓகே டேக்கிலிருந்து எடுத்த அம்மாவின் குரலை மட்டும் வைத்தேன்: "எப்ப கெளம்புற?" பிசைகிற கை தற்செயலாக அதே இடத்தில் ஒரு கணம் மெதுவாகிறது. பதில் வருவதற்கு முன்னால் மாஸ்டருக்கு வந்துவிட்டேன். ஒலியில்தான் வேலை அதிகம். ஒரு டேக்கில் தூரத்து லாரி ஹாரன் இருக்கிறது, இன்னொன்றில் இல்லை. சவுண்ட் ரெக்கார்டிஸ்ட் அந்த வீட்டின் வெறும் சத்தத்தைத் தனியாக ஒரு நிமிடம் பதிவு செய்து வைத்திருந்த புண்ணியவான். அந்தச் சில்வண்டுச் சத்தத்தைக் காட்சி முழுக்க அடியில் ஓடவிட்டேன், வெட்டு எங்கே இருக்கிறதென்று காதுக்குத் தெரியவில்லை.

இயக்குநர் வந்து பார்த்தார். மறுபடி போடச் சொன்னார்.

"இது என்.ஜி.தானே சார்? அந்தம்மா டயலாக்கை மறந்துட்டாங்க."

"நீங்க அங்க நின்னீங்க தம்பி, அதனால மறந்துட்டாங்கன்னு தெரியுது. எனக்கு, கேக்கப் பிடிக்காம நிக்கிறாங்கன்னு தெரிஞ்சுது."

அவர் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, அதற்கு அடுத்த காட்சியில் அம்மா அழுவதாக எடுத்திருந்ததைத் தூக்கிவிடலாமா என்று அவரே கேட்டார். அந்த அழுகைக்கு ஒரு முழு இரவு செலவழித்திருந்தார்கள் என்று மேனேஜர் சொல்லித்தான் பிறகு தெரிந்துகொண்டேன்.

எல்லாச் சண்டையும் இப்படிச் சுமுகமாக முடிவதில்லை. ஒரு இயக்குநர் ரயில் ஷாட் ஒன்றுக்காக என்னிடம் வாரக்கணக்கில் பேசாமல் இருந்தார், படத்தில் அந்த ரயில் இன்னும் இருக்கிறது. படம் அவருடையது. நான் என் வாதத்தை ஒரு முறை வைப்பேன், இரண்டு வெர்ஷனையும் முழுதாகப் போட்டுக் காட்டுவேன், அதற்கு மேல் மல்லுக்கட்டுவதில்லை. எடிட்டர் தன் ருசியை எல்லாப் படத்திலும் ஊற்றினால் எல்லாப் படமும் ஒரே குழம்பாகிவிடும். இன்றைக்குச் சீக்கிரம் வெட்டுகிற ருசிதான் ஓங்கியிருக்கிறது. "லேக் அடிக்குது" என்ற ஒரு சொல்லுக்கு எல்லாரும் பயப்படுகிறார்கள். 2021-இல் ராட்டர்டாமில் டைகர் விருது வாங்கிய வினோத்ராஜின் 'கூழாங்கல்'லில் வெயிலில் நடக்கிற அப்பனும் பிள்ளையும் நடந்துகொண்டேதான் இருக்கிறார்கள். எடிட்டர் கணேஷ் சிவா அந்த நடையை நடக்கவிட்டார். பின்னணி இசையே இல்லாத செழியனின் 'டு லெட்'டை ஸ்ரீகர் பிரசாத் தொகுத்தார். இசை வந்து தூக்கி நிறுத்தும் என்ற நம்பிக்கையில் நாங்கள் விட்டுவைக்கிற தொய்வு எவ்வளவு என்பது அதைப் பார்த்தபோது உறைத்தது. ஆர்.ஆர். என்கிற பின்னணி இசை வந்தால் சரியாகிவிடும் என்று இயக்குநர்கள் சொல்லும்போதெல்லாம் அந்தப் படத்தைப் பார்க்கச் சொல்கிறேன்.

இனி மாற்றமில்லை என்று படம் லாக் ஆன பிறகு இன்னொரு எடிட்டிங் இருக்கிறது, அதைப் பற்றி யாரும் கேட்பதில்லை. சிகரெட் வருகிற இடமெல்லாம் எச்சரிக்கை வாசகம், படத்தின் தொடக்கத்திலும் நடுவிலும் புகையிலைப் படம். சென்சாரில் ஒரு வசனத்துக்கு மியூட் கேட்டால், உதட்டசைவு உறுத்தாத இடமாகப் பார்த்து எதிராளியின் ரியாக்‌ஷனைத் தேட வேண்டும். கிராமத்துப் படம் என்றால் ஆடும் கோழியும் பெரிய தலைவலி. விலங்குகள் நல வாரியத்தின் தடையில்லாச் சான்று இல்லாத ஆடு ஃப்ரேமுக்குள் வந்திருக்கும். அது நடிக்க வந்ததல்ல, அதன் வீட்டு வாசலில் நாம் போய்ப் படமெடுத்தோம் என்று யாரிடம் விளக்குவது? ஃப்ரேமைப் பெரிதாக்கி ஆட்டை ஓரத்தில் தள்ளுவோம். தள்ள முடியாவிட்டால் ஷாட்டே போகும். நல்ல நடிப்பு ஒன்றை ஒரு வெள்ளாட்டின் பொருட்டு நான் இழந்திருக்கிறேன்.

உடம்பைப் பற்றியும் சொல்ல வேண்டும். இந்த வேலையில் வெயில் இல்லை, மழை இல்லை, அதனால் கஷ்டம் இல்லை என்று வீட்டில் நினைப்பார்கள். பகலில் இயக்குநர்கள் வருவார்கள், இரவில்தான் வெட்ட முடியும். ரிலீஸ் தேதி அறிவித்துவிட்டால் படுக்கை எடிட்டிங் அறையிலேயே. 'ஆடுகளம்' படத்துக்குத் தேசிய விருது வாங்கிய எடிட்டர் கிஷோர் 2015-இல் போனபோது நாற்பது வயதுகூட ஆகவில்லை. 'விசாரணை'க்கான தேசிய விருது அவர் போன பிறகு வந்தது. அந்தச் செய்தி வந்த வாரம் எங்கள் தெருவில் பல அறைகள் இரவு பத்து மணிக்கே பூட்டப்பட்டன. அடுத்த வாரம் பழையபடி. நான் மட்டும் இரவு வேலையை அத்தோடு நிறுத்தினேன். அதனால் சில படங்கள் கை நழுவின, போகட்டும் என்று விட்டேன்.

பணத்துக்கு வருகிறேன். வெற்றிலை பாக்கோடு ஒரு சின்ன அட்வான்ஸ், பாதி எடிட்டில் கொஞ்சம், லாக் ஆனதும் கொஞ்சம், மீதி ஃபர்ஸ்ட் காப்பியில் என்பது பேச்சு. அந்த மீதி பெரும்பாலும் வருவதில்லை. சின்னப் படத்தில் பணம் கடைசியில் தீர்ந்துபோகிறது, கடைசியில் வேலை செய்கிறவர்கள் நாங்களும் சவுண்டும் நிறம் சரிசெய்கிற டி.ஐ.யும். ஏமாற்ற வேண்டுமென்றே ஏமாற்றிய ஒரு கம்பெனியும் உண்டு. ஒரே இரவில் ப்ராஜெக்ட் ஃபைலை வாங்கிக்கொண்டுபோய் வேறொருவர் பெயரை டைட்டிலில் போட்டார்கள். சங்கத்தில் எழுதிக்கொடுத்தால் பேசித் தீர்த்துவைப்பார்கள், ரிலீஸுக்கு முன்னால் கேட்டால்தான் பலன். அதனால் இப்போது லாக் ஆகும் கட்டத்துக்கான பணம் வரும்வரை டைம்கோடும் என் பெயரும் குறுக்கே ஓடுகிற பிரதியைத்தான் வெளியே அனுப்புகிறேன். எடிட்டை வேறு மெஷினில் திறக்க உதவும் எக்ஸ்.எம்.எல்., ஏ.ஏ.எஃப். எதுவும் போகாது. புதிதாக வருகிறவர்கள் என்னிடம் ரிதம் பற்றிக் கேட்கிறார்கள், நான் இதை முதலில் சொல்லிக்கொடுக்கிறேன்.

ரிலீஸுக்கு முன்னால் படத்தைச் சம்பந்தமில்லாத பதினைந்து, இருபது பேருக்குப் போட்டுக் காட்டச் சொல்வேன். நான் கடைசி வரிசையில் உட்கார்ந்து திரையைப் பார்க்காமல் அவர்கள் முதுகைப் பார்ப்பேன். படம் முடிந்து அவர்கள் சொல்கிற கருத்துகள் மரியாதைக்குச் சொல்வது. முதுகு மரியாதை பார்க்காது. செல்போன் வெளிச்சம் எங்கே எழுகிறது, யார் எப்போது இருக்கையில் சரிந்து உட்காருகிறார் என்று நேரத்தைக் குறித்துக்கொள்வேன். சரிவு தொடங்கும் இடத்தில் கோளாறு இருக்காது, அதற்கு ஐந்தாறு நிமிடம் முன்னால் தேட வேண்டும்.

வெள்ளிக்கிழமை படம் வரும். முன்பெல்லாம் ஊர்த் தியேட்டர் ஆபரேட்டரே பாட்டை வெட்டி எடுத்துவிட்டு ஓட்டுவார், அந்த வெட்டு எங்கள் கணக்கில் வராது. டிஜிட்டல் வந்ததும் அந்த அதிகாரமும் எங்களிடமே வந்து சேர்ந்தது. சனிக்கிழமை காலையில் தயாரிப்பாளரிடமிருந்து போன்.

"சார், செகண்ட் ஹாஃப்ல ஒரு பத்து நிமிஷம் ட்ரிம் பண்ணணும்னு சொல்றாங்க. ஞாயித்துக்கிழமை மேட்னிக்குள்ள தியேட்டருக்குப் போயிரணும்."

"எந்தப் பத்து நிமிஷம்?"

"அத நீங்களே பாத்து எடுத்துருங்க சார். டைரக்டர் போன எடுக்கல."